தணிகாசலம் கட் சொல்ல மறந்த காட்சி

பதினெட்டு வருடங்களாக மற்றவர்கள் எடுத்த படங்களை வெட்டி ஒட்டிக்கொண்டிருந்த எடிட்டர் தணிகாசலத்துக்கு, 1995-ல் ஒரு படம் கைக்கு வந்து சேர்ந்தது. அதன் டைரக்டர் பாதியில் கோபித்துக்கொண்டு போய்விட்டார். அதுவரை எடுத்திருந்ததைத் தி.நகர் எடிட்டிங் அறையில் போட்டுப் பார்த்த தயாரிப்பாளர் இனாயத், "தேறுமா நைனா?" என்று கேட்டார்.

"தேறும் பாய். அம்மாக்காரி பொண்ண வுட்டுட்டு ஊருக்குப் போற சீன் மட்டும் இல்ல. அது இல்லாங்காட்டி கதை நிக்காது."

"அப்ப நீயே போய் எடு."

தணிகாசலம் சிரித்தார். இனாயத் சிரிக்கவில்லை.

மேற்கு மாம்பலம் வீட்டில் மனைவி முத்தம்மா விஷயத்தைக் கேட்டுவிட்டு, "இத்தினி வருசமா எல்லா டைரக்டரையும் திட்டிக்கினு இருந்தியே, இப்ப இன்னாத்துக்கு முழிக்கிற?" என்றாள்.

திருவான்மியூர் பஸ் நிலையத்தில் படப்பிடிப்பு. அம்மா வேடத்தில் சுந்தரவல்லி. நாடகத்தில் முப்பது வருடம் நடித்தவர். பஸ்ஸில் ஏறி, உட்கார்ந்து, ஜன்னல் பக்கம் திரும்பினார்.

"கட்!"

இரண்டாவது முறையும் அதே இடத்தில் கட். மூன்றாவது முறை சுந்தரவல்லி இறங்கியே வந்துவிட்டார்.

"ஏன் தம்பி, நான் இன்னும் ஆரம்பிக்கவே இல்லையே?"

"எனக்கு இவ்ளோ போதும்மா. இங்கதான் வெட்டுவேன்."

"வெட்டறதை அப்புறமா வெட்டுங்க. இப்ப கொஞ்சம் பாருங்க."

நான்காவது முறை தணிகாசலம் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றார். ஜன்னல் பக்கம் திரும்பிய சுந்தரவல்லி, மகளுக்கு இடம்விடுவதுபோலச் சற்று நகர்ந்து உட்கார்ந்தார். பிறகுதான் மகள் கூட வரவில்லை என்பது நினைவு வந்து, அந்தக் காலி இடத்தில் பையை எடுத்து வைத்தார். இதை யாரும் எந்தக் காகிதத்திலும் எழுதியிருக்கவில்லை. கேமராவில் ஃபிலிம் தீர்ந்து நின்றபோதுதான், கட் சொல்லவே இல்லை என்பது தணிகாசலத்துக்கு உறைத்தது.

படத்தை அவர் தானே வெட்டவில்லை. பக்கத்து அறை எடிட்டர் அன்புக்கரசியிடம் கொடுத்தார். அவள் அந்தக் காட்சியில் கை வைக்கவில்லை. ஆனால் அதோடு அவர் ஆசையாகக் கூடுதலாக எடுத்திருந்த கடற்கரை ஷாட்டைத் தூக்கிவிட்டாள்.

"அழகா கீது சார். ஆனா வேணாம்."

அரை மணி நேரம் சண்டை போட்டார். எத்தனை டைரக்டர்கள் தன்னிடம் இதேபோலக் கெஞ்சியிருக்கிறார்கள் என்று தோன்றியதும் சிரிப்பு வந்துவிட்டது. "சரி, எடுத்துடும்மா" என்றார்.

படம் ஐம்பது நாள் ஓடியது. அடுத்த வருடம் இனாயத் முழுப் படமே கொடுத்தார். அடையாறில் முதல் நாள் படப்பிடிப்புக்கு முத்தம்மாவும் வந்தாள். ஓரமாக ஒரு நாற்காலியில் உட்கார்ந்து அவர் படமெடுப்பதையே பார்த்தவள், மதியச் சாப்பாட்டுக்குக் கூப்பிடும்வரை எழுந்திருக்கவே இல்லை.