செல்லூரில் கடைந்த வால்வு

மதுரை செல்லூரில் ஜேசுராஜ் லேத் பட்டறை போட்டு இருபத்தெட்டு வருஷம் ஆகிறது. பவர்லூமுக்கு உதிரி பாகம், போர்வெல் மோட்டாருக்குப் புஷ் என்று எது வந்தாலும் கடைந்து கொடுப்பார். ஆனால் அவர் கடைய ஆசைப்பட்டது வேறு. ஐ.டி.ஐ. முடித்த கையோடு ராக்கெட் மையத்தில் டர்னர் வேலைக்குத் தேர்வு எழுதினார். எடுத்தது ஆறு பேர். காத்திருப்போர் பட்டியலில் இவர் முதல் ஆள். யாராவது சேராவிட்டால் கூப்பிடுகிறோம் என்றார்கள். கிடைத்த அரசாங்க வேலையை எவன் விடுவான்? ஆறு பேரும் சமர்த்தாகப் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அன்றிலிருந்து எந்த ராக்கெட் ஏவினாலும் இவர் லேத்தை நிறுத்திவிட்டுப் பார்ப்பார். பார்த்த பிறகு அன்று பூராவும் யாருக்கும் முகம் கொடுத்துப் பேசமாட்டார்.

போன பங்குனியில் பவதாரிணி பட்டறை தேடி வந்தாள். திருமங்கலத்துப் பெண்; சென்னையில் சின்ன ராக்கெட் செய்கிற தனியார் கம்பெனியில் இன்ஜினியர்.

"இந்த வால்வு வெளிநாட்டுல இருந்து வர எட்டு மாசம் ஆகுதுண்ணே. வெலைக்கு ஒரு காரே வாங்கிப்புடலாம். இம்புட்டு செலவுன்னா பணக்கார நாட்டுக்காரன் மட்டுந்தான் மேல போவான். காலேஜ் பிள்ளைக செஞ்ச சேட்டிலைட்டும் ஏறணும்னா ராக்கெட்டு டவுன் பஸ் மாதிரி ஆகணும். அதுக்கு உள்ளூர்ல செஞ்சாத்தான் கட்டுபடியாகும்."

ஜேசுராஜ் வரைபடத்தை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். "செஞ்சு பாக்கலாம்மா" என்றார். என்னமோ புஷ் கடைவது போல.

நாலு மாதம் ஆனது. நாற்பது துண்டு பாழானது. கடைசியில் ஆறு வால்வு சரியாக வந்தன. ஒரே ஒரு விஷயத்தைப் பவதாரிணி திரும்பத் திரும்பச் சொல்லியிருந்தாள்.

"இதுல திரவ ஆக்சிஜன் ஓடும்ணே. துளி எண்ணெய்ப் பிசுக்கு இருந்தாலும் வெடிச்சிரும். கழுவுனதுக்கப்புறம் வெறுங்கை படவே கூடாது."

எண்ணெயிலேயே குளித்து எழுகிற லேத்காரனிடம் சொல்கிற பேச்சா இது? இருந்தாலும் உறை மாட்டிக்கொண்டு, மருந்துத் தண்ணீரில் மூன்று தடவை கழுவி, ஆறையும் ஆறு கவரில் போட்டு ஒட்டினார். பட்டறையில் பஞ்சுத் தூசி பறக்கும் என்று வீட்டுக்குக் கொண்டுபோய், மாதா சுரூபம் வைத்திருக்கும் அலமாரியில் வைத்தார். மறுநாள் காலையில் பார்சல் போய்விட்டது.

அவர் மனைவி பிலோமினாள் மிஷன் பள்ளியில் கிளார்க். அந்த வீட்டில் ஒரு பொருள் நல்ல காரியத்துக்கு வாசல் தாண்டுகிறதென்றால் மந்திரித்த எண்ணெயில் சிலுவை வாங்காமல் தாண்டாது. மகளின் ஹால் டிக்கெட், புது ஸ்கூட்டர், எதுவும் தப்பியதில்லை. வால்வைக் கழுவிய கதையை அவளிடம் விலாவாரியாகச் சொன்ன மனுஷன், எதற்காகக் கழுவினோம் என்பதை மட்டும் சொல்லவில்லை.

மூன்றாம் நாள் மத்தியானம் சோறு போட்டுக்கொண்டே அவள் சொன்னாள். "பார்சல் போன அன்னைக்குக் காலையில ஒரு கவரைப் பிரிச்சு, வால்வுக்கு உள்ள சிலுவை போட்டு, திரும்ப ஒட்டி வச்சேங்க. வெளிய தெரியாது. முப்பது வருஷமா ஏங்குனீங்க. ஆண்டவர் கூடவே போகட்டும்னுதான்."

அவர் சோறு பிசைவதை நிறுத்தினார். "எதுல போட்ட?"

"எதுன்னு ஞாபகமில்ல. ஒண்ணுல போட்டா ஆறுக்கும் சேத்துத்தானே."

அவள் முகத்தில் அம்புட்டு நிறைவு. அதைப் பார்த்தபின் உண்மையைச் சொல்ல அவருக்கு மனசு வரவில்லை. "நல்லது பண்ண பிலோமி" என்று சொல்லிவிட்டுக் கை கழுவினார்.

பட்டறைக்கு வந்து போனைக் கையில் வைத்துக்கொண்டு அரைமணி நேரம் உட்கார்ந்திருந்தார். கம்பெனியில் சோதிப்பார்கள். கண்டுபிடிக்கலாம், கோட்டை விடவும் செய்யலாம். சொல்லாவிட்டால் வால்வு மேலே போகும், சொன்னால் போகாது. அந்த அரைமணி நேரமும் சொல்லவேண்டாம் என்றுதான் அவருக்கு இருந்தது. அதை மறைப்பானேன்? அப்படி ஆசைப்பட்ட மனுஷன். கடைசியில் நம்பரை அழுத்தினார்.

"எண்ணெய்க் கை பட்டுருச்சும்மா. என் கைதான். எதுலன்னு தெரியல."

பவதாரிணி தேதிகளை எண்ணிப் பார்த்தாள்.

"திரும்பக் கழுவிச் சோதிக்கப் பத்து நாள் ஆகும்ணே. ஏவுறது அடுத்த வாரம். அவசரத்துக்குன்னு வாங்கி வச்ச வெளிநாட்டு வால்வைத்தான் மாட்டணும்." பிறகு குரல் இறங்கியது. "செல்லூர்லயே செய்ய முடியும்னு நான்தான்ணே எல்லார்கிட்டயும் சண்டை போட்டேன். அடுத்த ராக்கெட்டுக்குக் கேட்டுப் பாக்குறேன். ஒத்துக்குவாங்களான்னு தெரியல."

கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை. ஜேசுராஜ் போனை வைத்துவிட்டு, ஓடிக்கொண்டிருந்த லேத்தைப் பார்த்தபடி நின்றார். பட்டியலில் முதல் ஆளாக நின்றபோதுகூட இப்படி வலிக்கவில்லை. அப்போது வயசு இருந்தது.

ஏவும் நாளன்று பிலோமினாள் பள்ளிக்கு அரைநாள் லீவு போட்டுவிட்டுப் பட்டறைக்கே வந்துவிட்டாள். அவர் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, போனை இருவருக்கும் நடுவில் நிறுத்தினாள். போனில் கவுண்ட்டவுன் எண்ணி முடித்தார்கள். கீழே நெருப்புப் பிடித்தது. ராக்கெட் மெதுவாகத் தரையை விட்டு எழுந்தது.

"போகுதுங்க" என்றாள். அவள் கண் கலங்கியிருந்தது. "நம்ம வால்வு எங்கன இருக்கு? காட்டுங்க."

அது எந்த இடத்தில் உட்காரவேண்டியது என்று ஜேசுராஜுக்குத் தெரியாதா? நாலு மாதம் வரைபடத்தில் பார்த்த இடம். ராக்கெட்டின் அடிப்பக்கத்தில், நெருப்புக்குச் சற்று மேலே விரலை வைத்தார்.

"இந்தா, இங்கன."

அவர் விரலை எடுத்ததும், பிலோமினாள் அதே இடத்தைத் தொட்டு, விரலை உதட்டில் வைத்து முத்தி செய்தாள்.