பத்துக்கு ஒன்று குறை

ஐஸ் ஹாக்கி ஆட்டம் முடிய இன்னும் ஆறு நிமிடம். நான்குக்கு ஒன்று என்று கார்வர்ஸ் ஃபால்ஸ் முன்னிலை. பெஞ்சின் பின்னால் நின்ற கோச் வால்ட் ப்ரூடனுக்கு அந்த சீசனிலேயே முதல்முறையாகக் கவலை இல்லை.

கவலைப்பட என்ன இருக்கிறது? நாக்-அவுட் சுற்றில் இடம் வியாழக்கிழமையே உறுதியாகிவிட்டது. பதினோரு வருடத்துக்குப் பிறகு, 1974-இல்தான் இந்தக் காகித ஆலை ஊருக்கு அந்த யோகம். இன்றைய கடைசி லீக் ஆட்டம் வெறும் சம்பிரதாயம். அதனால்தான் எமில் தெரியோவைச் சட்டை மாட்டி பெஞ்சிலேயே உட்கார வைத்திருந்தார். முப்பத்தாறு வயது முழங்கால். புதன்கிழமை நாக்-அவுட்டுக்கு அது வேண்டும்.

இந்த லீகில் எமிலுக்கு இது பதினான்காவது வருடம். ஆறு ஊர், ஆறு சட்டை. நாக்-அவுட் சுற்றில் ஒரு நிமிடம்கூட ஆடியதில்லை. ஒன்று, அவன் இருக்கும் அணி கடைசியில் கிடக்கும். இல்லையென்றால், அணி ஜெயிக்க ஆரம்பிக்கும்போது அவனை வேறு ஊருக்கு மாற்றிவிடுவார்கள். மே மாதத்திலிருந்து ஆலையில் வேலை. பெயர் கொடுத்தாயிற்று. ஆக, கடைசி வாய்ப்பு இந்த மார்ச்தான்.

தடுப்புக் கண்ணாடி ஒன்று உடைந்து, அதை மாற்றிக்கொண்டிருந்தார்கள். அந்த இடைவெளியில் ஸ்கோர் எழுதும் ஹேஸல் தன் மேஜையை விட்டு எழுந்து, மூச்சு வாங்கச் சுற்றி வந்தார். ஆலை அலுவலகத்தில் குமாஸ்தா. இருபது வருடமாக இந்த மைதானத்தின் கணக்கு அவர் கையில்.

"வால்ட், எமில ஏன் எறக்கல?"

"புதன்கிழமைக்கு வெச்சிருக்கேன்."

"புதன்கிழமை அவன் ஆடவே முடியாதுய்யா. நாக்-அவுட்ல எறங்க, சீசன்ல பத்து ஆட்டம் ஆடியிருக்கணும். அவனுக்கு ஒம்பதுதான்."

"பத்து. நான் எண்ணி வெச்சிருக்கேன்."

"ஜனவரில கூரை ஒழுகி பாதில நிறுத்தினாங்களே, அதையும் சேத்து எண்ணினியா? அத லீக் கணக்குலேர்ந்து அடிச்சிட்டாங்க. பிப்ரவரில திரும்ப ஆடினப்ப இவன் கால நீட்டிப் படுத்திருந்தான்."

வால்ட்டின் காது மடல்கள் சிவந்தன. அடித்துவிட்டதாக வந்த கடிதத்தை அவரே படித்து, அவரே கையெழுத்துப் போட்டிருந்தார்.

"ஒரு செகண்ட் போதும்," என்றார் ஹேஸல். "கடிகாரம் ஓடறப்ப அவன் கால் ஐஸ்ல இருந்தா நான் எழுதிடுவேன்."

அப்போதே இறக்கியிருக்கலாம். ஆனால் எமில் இரண்டு மணி நேரமாக உட்கார்ந்து விறைத்துப் போயிருந்தான். சூடு ஏறாத முழங்காலோடு இறங்கி, அது மடங்கிவிட்டால்? கடைசி நிமிடத்தில், வட்டு எதிராளி பக்கம் இருக்கும்போது, பத்து நொடி. அது போதும். விஷயத்தைச் சொல்லவும் வாய் வரவில்லை. எண்ணத் தெரியாத கோச் என்று பையன்கள் முன்னால் எப்படிச் சொல்வது?

"எமில், எழுந்து காலை உதறு. கடைசி நிமிஷம் உள்ள போற."

"எதுக்கு கோச்? திடீர்னு என் மேல பாசம்?"

"ஊர்க்காரங்க கேக்கறாங்க."

"பெருசுக்கு ரசிகருங்க வேற," என்று பெஞ்சின் கோடியிலிருந்து ஒருவன் இழுத்தான். "மருந்து டப்பாவ எடுத்துக்க, பெருசு."

"உன் வயசுல எனக்கு பல்லு எல்லாம் இருந்துச்சுடா. உனக்கு?"

பெஞ்சே சிரித்தது. எமில் கதவருகே போய் நின்று, குந்தி எழுந்து முழங்காலைப் பழக்கினான்.

ஆட்டம் மறுபடி தொடங்கியது. நான்கு நிமிடம். மூன்று. இரண்டு. வால்ட் கடிகாரத்தை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

ஒரு நிமிடம் பதினெட்டு நொடி இருக்கும்போது, தோற்கிற கடுப்பில் கிரானைட் பே அணியின் தடியன் ஒருவன் கோல்கீப்பர் டகியின் மேல் முழு வேகத்தில் மோதினான். விசில். கடிகாரம் நின்றது. தடியன் நிற்கவில்லை. டகியின் முகமூடியைப் பிடுங்கி எறிந்துவிட்டுக் குத்த ஆரம்பித்தான். இன்னொருவனும் சேர்ந்துகொண்டான்.

கோல்கீப்பர் மேல் கை வைத்தால் யாரும் உட்கார்ந்திருப்பதில்லை. அதை யாரும் யாருக்கும் சொல்லித் தரவும் வேண்டியதில்லை.

"எமில், நில்லு," என்று வால்ட் கத்தியபோது கதவு திறந்து கிடந்தது. மற்றவர்கள் பலகையைத் தாண்டிக் குதிக்க வேண்டும். எமில் கதவிலேயே நின்றவன். அவரே நிறுத்தி வைத்தவன்.

இரண்டு எட்டில் அவன் டகியிடம் போய்ச் சேர்ந்தான். அந்த முழங்கால் அப்படி ஓடி இந்த வருடம் வால்ட் பார்த்ததில்லை.

பிரித்துவிடக் கால் மணி நேரம் ஆனது. ரெஃப்ரி கில் மகார்த்தர் சறுக்கி வந்தார்.

"பெஞ்ச விட்டு மொதல்ல எறங்கினது உன் ஆளு எமில். வெளிய அனுப்பறேன்."

"கில், கேளுய்யா. ஒரு செகண்ட். ஒரே ஒரு செகண்ட் நிக்க விடு. அப்புறம் ஆயுசுக்கும் வெளிய அனுப்பு."

"அவன் எறங்கினப்ப கடிகாரம் நின்னுட்டிருந்துச்சு. விதி எனக்கும்தான், வால்ட்."

வால்ட் எதிர்ப்பக்க மேஜையைப் பார்த்தார். ஹேஸல் பேனாவை மூடி வைத்துவிட்டு, முடியாது என்று தலையை மெல்ல ஆட்டினார். அந்தத் தாளில் கிரானைட் பே கோச்சும் கையெழுத்துப் போட வேண்டும்.

மீதி எழுபத்தெட்டு நொடியும் ஓடித் தீர்ந்தது. ஊரே எழுந்து நின்று கைதட்டியது.

உடை மாற்றும் அறையில் எமில் பனிக்கட்டி வாளியில் வலக்கையை விட்டபடி உட்கார்ந்திருந்தான். உதடு கிழிந்திருந்தது. முகமெல்லாம் சிரிப்பு.

"கோச், புதன்கிழமை வர்ற அணியோட நடு ஆட்டக்காரன எங்கிட்ட விட்டுருங்க. இடப்பக்கம் திரும்பவே வராது அவனுக்கு. மூணு வருஷமா பாத்துட்டிருக்கேன்."

வால்ட் கதவைச் சாத்திவிட்டு அவனருகே பெஞ்சில் உட்கார்ந்தார். சொன்னார். கூரை ஒழுகியது, கடிதம், ஒன்பது. எல்லாவற்றையும் கீழே பார்த்தபடியே சொன்னார்.

பல்லில்லாத பையன் காலணிக் கயிற்றை அவிழ்ப்பதை நிறுத்தியிருந்தான்.

"எப்ப தெரியும் உங்களுக்கு?" என்றான் எமில்.

"ஆறு நிமிஷம் இருக்கறப்ப."

எமில் வாளியிலிருந்து கையை எடுத்துப் பார்த்தான். விரல் முட்டிகள் வீங்கி நீலம் பாரித்திருந்தன. மறுபடி உள்ளே விட்டான்.

"தெரிஞ்சிருந்தாலும் டகிய அடிக்கறத பாத்துட்டு உக்காந்திருப்பேனான்னு தெரியல," என்றான். "ஆனா சொல்லியிருக்கலாம், கோச்."

வால்ட் எழுந்து, வாளியில் இன்னும் ஒரு கை பனிக்கட்டி அள்ளிப் போட்டார். வெளியே, புதன்கிழமை டிக்கெட்டுக்கு வரிசை நிற்க ஆரம்பித்துவிட்ட சத்தம் கேட்டது.