சன்சோக் கூட்டின் உயரம்

மரன்யோன் ஆறு தன் கரைகளை மறந்து காட்டுக்குள் நுழையத் தொடங்கும் தைத் திங்களின் காலைப் பொழுதில், மழை விட்டு வானம் வெளுத்து, மரங்களின் அடியெல்லாம் நீரில் நிற்க, உச்சியெல்லாம் வெயிலில் மினுங்க, கருங்குளத்தின் ஓரத்துப் புதர்களில் சன்சோப் பறவைகள் விழித்தெழுந்து, இலை தின்பதாகிய தங்கள் முதல் வேலையையும் கடைசி வேலையையும் ஒருங்கே தொடங்கியிருந்தன. கோழியளவு உடம்பும், செம்பட்டைக் கொண்டையும், நீல முகமும், செங்கண்ணுமாக அப்பறவைக்கு அழகை அள்ளிக் கொடுத்த இயற்கை, குரலிலும் வாடையிலும் கொடுத்ததற்கு மேலாகவே பிடுங்கிக்கொண்டது; வாய் திறந்தால் இருமல்காரனின் மூச்சிழுப்பு, அருகே போனால் மாட்டுத்தொழுவத்தின் நாற்றம். புழுவையும் மீனையும் தேடி அலையாமல், தளிரும் இலையுமாகவே தின்று, அவற்றைத் தன் பெருத்த தொண்டைப்பைக்குள் ஆடுமாடுகளைப் போல நெடும்பொழுது புளிக்கவைத்துச் செரித்து, அப்பையின் கனம் தாளாமல் கிளையின்மேல் நெஞ்சைச் சாய்த்துப் பாதி நாள் படுத்துக் கிடப்பது அதன் வாழ்க்கை. பறப்பதோ ஒரு புதரிலிருந்து அடுத்த புதர் வரைதான். அதிலும் பாதி விழுவதாகவே இருக்கும். நாறும் இறைச்சியைப் பசித்தவனும் தொடமாட்டான் ஆகையால், ஆற்றங்கரைக் குக்காமா மக்களின் சட்டிக்குத் தப்பிய அப்பறவை அவர்களுடைய கேலிக்கு மட்டும் தப்பவில்லை. குளிக்காதவனையும் சன்சோ என்பார்கள், சோம்பிக் கிடப்பவனையும் சன்சோ என்பார்கள்.

கருங்குளத்துக்கும் ஆற்றுக்கும் இடையே, நெடுங்கால்கள்மேல் நின்ற ஒன்பது வீடுகளைக் கொண்ட சிற்றூரில், அந்த நாற்றப் பறவையை ஒருவன் மட்டும் கேலி செய்வதில்லை. அவன் பெயர் நிக்கானோர் மனுயாமா. ஆண்டுதோறும் வெள்ளம் ஏறத் தொடங்குகையில், வீட்டுத் தளத்தை எவ்வளவு உயர்த்துவது, மரவள்ளியை எப்போது பிடுங்குவது என்னும் இரண்டு கேள்விகள் அவ்வூரார் அனைவரையும் அரித்தெடுக்கும். பனைப்பட்டைத் தளத்தை அவிழ்த்துத் தூண்களில் மேலேற்றிக் கட்டுவது பெரும்பாடு. மரவள்ளியை முற்றும் முன்னே பிடுங்கினால் வறுத்துச் சேர்க்கும் குருணை பாதிதான் தேறும், பிந்தினாலோ கிழங்கு நீரில் அழுகிப்போகும். நிக்கானோர் ஓடத்தில் கருங்குளத்துக்குப் போய், சன்சோக் கூடுகளின் கீழே துடுப்பை நிறுத்தி அளந்து வருவான். கூடு எவ்வளவு உயரமோ அதற்கு ஒரு சாண் கீழேயே அவ்வாண்டு வெள்ளம் நின்றுவிடும் என்பது அவன் தந்தை விட்டுச்சென்ற கணிப்பு. பத்தாண்டில் ஏழாண்டு அது பலித்தது. பலிக்காத மூன்றாண்டும் குற்றம் துடுப்பின்மேல் விழுந்தது.

அவ்வாண்டு கூடுகள் ஒன்றரைத் துடுப்பு உயரத்திலேயே இருந்தன. வெள்ளம் சிறிதுதான் என்று அவன் வந்து சொன்னபோது ஊரே மகிழ்ந்தது. தளங்கள் முழங்கால் உயரமே ஏற்றப்பட்டன. வீடுகளுக்குப் பின்னாலிருந்த மேட்டு மரவள்ளி முற்றட்டும் என்று விடப்பட்டது. நிக்கானோரின் மனைவி தெல்மிரா மட்டும், பத்துத் திங்கள் நிரம்பி, தவழ்ந்து முடித்து, தூணைப் பிடித்து எழுந்து நிற்கப் பழகிக்கொண்டிருந்த தன் மகள் எலிதாவை இடுப்பில் வைத்தபடி, இன்னும் ஒரு முழம் ஏற்றிக் கட்டினால் என்ன என்று கேட்டாள். கணிப்பவன் வீட்டிலேயே கணிப்புக்கு மேலே கட்டினால் அது என்ன கணிப்பு என்று அவன் சிரித்தான். சிரிக்கும்போது அவன் நல்லவன், அவளும் சிரித்துவிட்டாள்.

பங்குனி பிறந்தபோது நீர் வீடுகளை நெருங்கியிருந்தது. தாழ்விடத்தில் இருந்த கலிந்தோவின் வீட்டில் தளமே நனைந்துவிட்டது. வெள்ளம் எட்டாத மேட்டூருக்குப் போகும் பெரும்படகு வந்து நின்ற காலையில், மூட்டையும் கோழியும் அடுப்புச் சட்டியுமாக எட்டு வீட்டாரும் ஏறிக்கொண்டிருக்க, கலிந்தோவின் மனைவி எத்தெல்வீனா படகிலிருந்தே குரல் கொடுத்தாள்.

"ஏ தெல்மிரா, உன் புருசனோட நாத்தக்கோழி இன்னும் என்னதான் சொல்லுதாம்? எங்க வீட்டுத் தரையில மீன் ஓடுது. இவரு என்னமோ அளந்தேன் அளந்தேன்னாரு."

"கூட்டுக்குக் கீழ இன்னும் ரெண்டு சாண் இருக்கு அக்கா," என்றான் நிக்கானோர், தளத்தின் விளிம்பில் உட்கார்ந்து வலையைப் பின்னியபடி. "நேத்தும் போய்ப் பாத்துட்டுதான் வந்தேன். குஞ்சு பொரிச்சு வச்சிருக்குதுங்க. தன் பிள்ள முங்கிச் சாகுற எடத்துல எந்தத் தாயாச்சும் கூடு கட்டுவாளா?"

கலிந்தோ படகிலிருந்து இறங்கி, இடுப்பளவு நீரில் நடந்து வந்து, தாழ்ந்த குரலில் பேசினான். "மச்சான், பறவை சொல்றத சொல்லட்டும். இந்தப் படகு போனா அடுத்தது எப்பன்னு தெரியாது. எடம் இருக்கு. பேசாம ஏறு."

"ஏறிட்டா மரவள்ளிய யாரு பாக்குறது? இன்னும் பத்தே நாளு. நீங்க போங்க மச்சான், போயிட்டுத் திரும்பி வந்து என் குருணையத்தான திங்கப்போறீங்க."

தெல்மிரா அதற்குள் ஒரு மூட்டை கட்டிவிட்டாள். "நானும் பிள்ளையும் மட்டும் போறோம். நீ இருந்து பாத்துக்க. தண்ணி நின்னுச்சுன்னா வந்துடறோம்."

அவன் வலையை மடியில் வைத்தான். "நீ போனா என்ன பேசுவாங்க? பொண்டாட்டியே அவன நம்பலன்னு பேசுவாங்க. போறதுன்னா போ."

போ என்ற சொல்லில் போகாதே என்பதுதான் இருந்தது. படகுக்காரன் கோலை ஊன்றிக்கொண்டு காத்திருந்தான். எத்தெல்வீனா கையை நீட்டியபடி இருந்தாள். தெல்மிரா மூட்டையைத் தளத்தின்மேல் திரும்ப வைத்துவிட்டு, பிள்ளையின் கையைப் பிடித்துப் படகை நோக்கி ஆட்டிக் காட்டினாள். அவன் பேசியது மானம். அவள் விட்டுக்கொடுத்தது அன்பு. இரண்டில் ஒன்றாவது அன்றைக்கு இல்லாதிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

மேற்கே மலைநாட்டில் பெய்த மழையெல்லாம் அடுத்த இரு நாட்களில் ஆற்றோடு வந்து சேர்ந்தது. மூன்றாம் நாள் விடிகையில் பனைப்பட்டைகளின் இடுக்கு வழியே நீர் ஊறி மேலே வந்தது. உத்தரத்தில் கட்டிய தொங்கு தொட்டிலில் பிள்ளையைக் கிடத்தி, அடுப்பையும் உப்பையும் பரணில் ஏற்றிய தெல்மிரா, இனிக் கேட்க வேண்டியதில்லை என்று ஓடத்தை இழுத்துத் தூணோடு அணைத்தாள். இருந்தது அந்த ஓர் ஓடம்தான். நிக்கானோர் அதில் ஏறித் துடுப்பை எடுத்தான்.

"பிள்ளையத் தரேன், வாங்கிக்க," என்றாள் அவள்.

"கொஞ்சம் இரு. கருங்குளம் வரைக்கும் போயி ஒரே ஒரு தடவ பாத்துட்டு வந்துடறேன். கூடு நனையாம இருந்தா இதோட நின்னுரும். நனைஞ்சிருந்தா வந்த கையோட ஏத்திட்டுப் போயிடறேன்."

"நிக்கா, தரை முங்கிருச்சு. நீ இன்னும் கூட்டப் பாக்கப் போறியா?"

"இதோ வந்துடறேன்னு சொல்றேன்ல."

அவன் பொய் சொல்லவில்லை. வெள்ளத்தைவிட அவனுக்கு அச்சமூட்டியது, தந்தையும் தானும் நாற்பது ஆண்டு நம்பியது ஒன்றுமில்லை என்று ஆகிவிடுவது. அதைத் தன் கண்ணால் பார்க்காமல் அவனால் அவ்வீட்டை விட்டுக் கிளம்ப முடியவில்லை. மனிதன் இவ்வளவு சிறிய ஒன்றுக்காக இவ்வளவு பெரிய ஒன்றை விட்டுச் செல்வானா என்று கேட்பவர்கள், தங்கள் வாழ்வில் ஒரு முறையாவது தாங்களே சரி என்று காட்ட முயன்ற நாளை எண்ணிப் பார்க்கட்டும்.

கருங்குளத்தில் கூடுகள் இல்லை. சுள்ளிகள் கலைந்து நீரில் சுற்றிக்கொண்டிருந்தன. ஒரே ஒரு கூடு மட்டும் பாதி நீரில் அமிழ்ந்து கிடக்க, அதன் விளிம்பில் கரிய பஞ்சு படர்ந்த குஞ்சு ஒன்று நின்றது. அதைக் காப்பாற்றக் கை நீட்டினான் அவன். கையைக் கண்டதும் குஞ்சு தலைகீழாக நீரில் குதித்து மறைந்தது. மூச்சு முட்டும் அளவு பொழுது போனபின், நாலைந்து கை தொலைவில் ஒரு மரத்தடியில் அது தலையைத் தூக்கியது. குட்டைச் சிறகுகளை விரித்து, சிறகின் முனையில் இருந்த இரண்டிரண்டு நகங்களை மரப்பட்டையில் மாட்டி, அலகையும் ஊன்றி, ஈரம் சொட்டச் சொட்ட மேலே ஏறியது. அப்பால் இன்னொன்று ஏறிக்கொண்டிருந்தது, அதற்கப்பால் மூன்றாவது. பெரிய பறவைகளோ உயரத்துக் கிளைகளில் நெஞ்சைச் சாய்த்துப் படுத்து, எதுவுமே நேராதது போல இலையை மென்றுகொண்டிருந்தன.

துடுப்பை மடியில் குறுக்கே வைத்து அவன் உட்கார்ந்துவிட்டான். அவன் ஆண்டுதோறும் கூடுகளை அளந்தான். ஒருநாளும் அவை நீரில் மூழ்கும்வரை இருந்து பார்த்ததில்லை. அவை வெள்ளத்தை அறிந்து கட்டுவதில்லை. அறிய வேண்டிய தேவையே அவற்றுக்கு இல்லை. பகை வந்தால் அவற்றின் பிள்ளைகள் ஒளியும் இடமே நீர்தான். நீருக்கு அஞ்சாத தாயிடம் போய் நீரின் உயரத்தைக் கேட்டிருக்கிறான். அப்போதுதான் அவனுக்குத் தன் மகளின் கைகள் நினைவுக்கு வந்தன, தூணைப் பிடித்து இரண்டு எண்ணும்வரைகூடத் தாங்க முடியாத கைகள். அவன் துடுப்பு போட்ட வேகத்தில் ஓடம் இருமுறை நீரை வாரிக் குடித்தது.

வீடு ஒருபுறம் சாய்ந்திருந்தது. வேரோடு மிதந்து வந்த பெருமரம் ஒன்று தூணை முறித்துவிட்டு, கிளைகளால் கூரையைப் பிடித்தபடி நின்றது. தொட்டில் கட்டிய உத்தரம் நீருக்குள் இருந்தது. தெல்மிரா முடியெல்லாம் முகத்தில் ஒட்ட நீரிலிருந்து எழுந்தாள், மூச்சு வாங்கினாள், மறுபடியும் மூழ்கினாள். அவன் கத்தியது அவள் காதில் விழவில்லை. நான்காம் முறை எழுந்தபோதுதான் அவனைப் பார்த்தாள்.

"ஓடத்த எடுத்துட்டுப் போயிட்டியே," என்றாள். குரலில் சினமில்லை. இருந்திருந்தால் அவன் தாங்கியிருப்பான்.

இருவரும் மாறி மாறி மூழ்கினார்கள். கலங்கிய நீரில் கண்ணுக்கு ஒன்றும் தெரியாது. கையால்தான் தேட வேண்டும். கைக்கு வாழைத்தாறு வந்தது, சட்டி வந்தது, அவன் பின்னிய வலை வந்தது. வெயில் சாய்ந்தபின், பின்மேட்டில் நீருக்கு மேலே தலை மட்டும் நீட்டிக்கொண்டிருந்த மரவள்ளிச் செடிகளுக்கிடையே அவன் தன் மகளைக் கண்டெடுத்தான். பத்தே நாளில் முற்றியிருக்க வேண்டிய அந்தச் செடிகள்தாம் அவளை ஆற்றுக்கு விடாமல் பிடித்து வைத்திருந்தன.

மகளின் உடலோடு ஓடத்தில் மேட்டூர் போய்ச் சேர்ந்தபோது, யாரும் அவனை ஒரு சொல் சொல்லவில்லை. எத்தெல்வீனா தெல்மிராவைத் தன் பாயில் கிடத்தி, அவள் தலையைத் தன் மடியில் வைத்துக்கொண்டு, ஈரமுடியைச் சிக்கெடுத்தாள். நீர் வடிந்ததும் எல்லாரும் திரும்பினர். சாய்ந்த வீட்டை ஊரே கூடி நிமிர்த்திக் கொடுத்தது.

அடுத்த தைத் திங்களில் சன்சோக்கள் அதே புதர்களில் மறுபடியும் கூடு கட்டின. பழக்கம் பொல்லாதது, கலிந்தோ வந்து நின்று, கேட்டபின்தான் தான் கேட்டதை உணர்ந்தான்.

"மச்சான், கூடு எவ்வளவு ஒசரத்துல இருக்கு?"

நிக்கானோர் தளத்தை அவிழ்த்துக்கொண்டிருந்தான். கையை நிறுத்தாமலே மறுமொழி சொன்னான். "அதுங்க எங்க வேணா கட்டும் மச்சான். அதுங்க பிள்ளைக்கு நீந்தத் தெரியும்."

அவன் தளத்தைத் தூண்கள் இடங்கொடுத்த மட்டும், கூரைக்கு இரண்டரை முழம் கீழே வரைக்கும் ஏற்றிக் கட்டினான். அவ்வாண்டு வெள்ளம் ஒரு முழம்கூட ஏறவில்லை. எனினும் நீர் வடிந்து முடிந்த ஆனித் திங்கள் வரை, அவனும் தெல்மிராவும் அக்கூரைக்கு அடியிலேயே இருந்தார்கள். குனிந்தே சமைத்து, குனிந்தே உண்டு, ஒருவரையொருவர் கடந்து போகையிலும் குனிந்தே போனார்கள். ஊரில் யாரும் அதைப் பார்த்துச் சிரிக்கவில்லை.