ரஷ்யாவுக்கு ஒரு முடிவு, நமக்கு ஒரு முடிவு

1

டமார்! ஸ்டூடியோவின் கண்ணாடிச் சுவர் நொறுங்கியது.

பதறாதீர்கள், உடைத்தது நான்தான். வாரப் பத்திரிகைக் கதை சத்தத்தோடு தொடங்கினால்தான் டிராமில் படிப்பவர் கொட்டாவி விடமாட்டார். கதையைச் சொன்னவள் டாக்னி. எங்கள் ஊர் வால்பி சினிமா ஸ்டூடியோவில் நடிகர்களுக்கு மேக்கப் போடுகிறவள். "கேட்டதை அப்படியே எழுதுய்யா, மசாலா போடாதே" என்றாள். போட்டாயிற்று.

2

சுவரை உடைத்துக்கொண்டு விழுந்தவன் எவால்ட், துறைமுகக் கூலி. தன்னை நாயே என்று கூப்பிட்ட கப்பல் முதலாளியின் தலையில் கூடையைக் கவிழ்த்தவன். (கூடையில் மீன் இருந்ததா? நிறைய.) போலீஸ் லாக்கப்பிலிருந்து தப்பி வந்திருக்கிறான். மாட்டினால் சிறை. கடல் தாண்டி சுவீடன் போனால் பிழைத்தான்.

அவன் கண்களில் அனல் பறந்— (இந்த வரியை அடித்துவிட்டேன். ஓடி வந்தவன் கண்ணில் வியர்வைதான் இருக்கும்.)

அன்று அதிசயமாக வெயில். கண்ணாடி வழியே வரும் வெளிச்சத்தில்தான் படமெடுப்பார்கள், வெயில் போவதற்குள் எடுத்தாக வேண்டும். கைதியாக நடிக்க வேண்டிய கதாநாயகனோ குடித்துவிட்டு வீட்டில் கிடந்தான்; மாற்று ஆளுக்குச் சொல்லி அனுப்பியிருந்தார்கள். டைரக்டர் பாகர், விழுந்தவனை ஏற இறங்கப் பார்த்தார்.

"கைதி வேஷத்துக்கு வந்தவனா? அதுக்குக் கண்ணாடியை உடைச்சுக்கிட்டா வருவ? போ, அந்த அட்டை மதில்கிட்ட நில்லு!"

3

பின்னாலேயே மூச்சிரைக்க ஓடி வந்தார் கான்ஸ்டபிள் டெர்கெல்சன். அசல் போலீஸ். (அவருக்குத் தொப்பை வைப்பதா, மீசை வைப்பதா என்று நான் யோசிப்பதற்குள்—)

"போலீஸ் வேஷமா? வர்ற நேரமாய்யா இது? போய் அவனைப் பிடி!" என்று கத்தினார் பாகர்.

வெளிவாசலில், பின்னால் துரத்தி வந்த இன்ஸ்பெக்டரின் விசில் கேட்டது. டெர்கெல்சன் பிடித்தார். கேமரா சுழன்றது. எவால்ட் அழுதான், நடிப்பில்லை.

"பிரமாதம்! இது ரஷ்யாவுக்கு."

4

எங்கள் சினிமாக்காரர்கள் ஒரே படத்துக்கு இரண்டு முடிவு எடுப்பார்கள். ரஷ்யாக்காரர்களுக்கு அழ வேண்டும். நமக்குச் சிரித்துக்கொண்டே வீடு திரும்ப வேண்டும்.

"அடுத்தது நம்ம ஊருக்கு. யோவ் போலீஸ், அவனை விட்டுடு. மதிலைத் தாண்டி ஓடட்டும்!"

அட்டை மதிலுக்கு அப்பால் பின்கதவு திறந்திருந்தது. டெர்கெல்சனின் கை இன்னும் எவால்டின் காலரில்.

இந்த இடத்தில் மூன்று முடிவு எழுதிப் பார்த்தேன். முதலாவதில் விலங்கு. இரண்டாவதில் எவால்ட் கான்ஸ்டபிளை ஒரே குத்தில்— (சீ!) மூன்றாவது எங்கள் ஆசிரியருக்குப் பிடித்தது, அதனாலேயே கிழித்தேன். அவன் ஓடினானா, நின்றானா என்பதை நீங்களே எழுதிக்கொள்ளுங்கள். மதிலோரம் பவுடர் டப்பாவோடு நின்ற டாக்னி காதில் விழுந்ததை மட்டும் தருகிறேன்.

கேமரா மறுபடி சுழன்றது. ஊமைப்படம், பேச்சு பதியாது என்ற தைரியத்தில் டெர்கெல்சன் அவன் காதோரம் சொன்னாராம்:

"லாக்கப்பைத் திறந்து விட்டதே நான்தான்டா. இந்தத் தடவையாவது மாட்டிக்காம ஓடித் தொலை."