மூளைக்கு நாற்பத்திரண்டு மார்க்

கணக்கு வாத்தியார் ஏகநாதனின் பித்தப்பையில் எத்தனை கல் இருந்தது என்று சிட்லபாக்கத்தில் யாருக்கும் ஞாபகமில்லை. அவர் மூளை எடுத்த மார்க்தான் எல்லோருக்கும் ஞாபகம். தப்பு யார் மேல் என்று கேட்டால், தன் மேல்தான் என்பாள் டாக்டர் வேதசிரோமணி. நர்ஸ் சரசுவிடம் அந்த எண்ணைச் சொன்னவள் அவள்தானே.

தொண்ணூற்றெட்டாம் வருஷம். ஏரிப் பக்கம் பத்துப் படுக்கை போட்ட ஒரு நர்சிங் ஹோம். வேதாசலம் அதற்கு முதலாளி, சர்ஜனும் அவரே. வேதசிரோமணி மயக்க மருந்து கொடுக்கும் டாக்டர். மயக்கத்தில் கிடக்கும் ஆளின் மூளை எவ்வளவு தூங்குகிறது என்று காட்டும் மிஷின் ஒன்றை, ஆறு மாசம் வைத்துப் பாருங்கள் என்று ஒரு கம்பெனி கொண்டுவந்து இறக்கியிருந்தது. நெற்றியில் ஒரு பட்டையை ஒட்டினால் திரையில் எண் வரும். நூறு என்றால் முழு விழிப்பு. நாற்பதுக்கும் அறுபதுக்கும் நடுவில் நின்றால் நல்ல தூக்கம், தைரியமாகக் கத்தி வைக்கலாம். அறுபதைத் தாண்டினால் ஆள் எழுந்து வருகிறார் என்று அர்த்தம்.

வேதசிரோமணி அந்த மிஷினைக் கைக்குழந்தை மாதிரி பார்த்துக்கொண்டாள். காரணம் இருந்தது. ஏழு வருஷம் முன்னால் பொழிச்சலூர் கனகவல்லிக்கு ஆபரேஷன் முடிந்த மறுநாள், கட்டிலில் உட்கார்ந்து இட்லி சாப்பிட்டுக்கொண்டே அவள் சொன்னாள்: "பெரிய டாக்டர் வூட்டு சட்னில உப்பு ஜாஸ்தின்னு பேசிகினு இருந்தீங்களே டாக்டரம்மா, அல்லாம் கேட்டுச்சு. வயித்த அறுத்தது தெரிஞ்சுது. கத்தலாம்னு பாத்தேன், வாயி வரல." உடம்பை அசையவிடாத மருந்து வேலை செய்திருந்தது. தூங்கவைக்கிற மருந்து செய்யவில்லை. கனகவல்லி சண்டை போடவில்லை, சாப்பிட்டு முடித்துக் கை கழுவப் போய்விட்டாள். திட்டியிருந்தால்கூட வேதசிரோமணிக்கு ஆறியிருக்கும். அன்றிலிருந்து ஒவ்வொரு ஆபரேஷனிலும் இன்னொரு கனகவல்லி வந்துவிடக் கூடாது, அவ்வளவுதான் அவளுடைய வேண்டுதல்.

ஏகநாதனுக்குப் பித்தப்பை ஆபரேஷன் நடந்துகொண்டிருந்தபோது சரசு வந்து, "வாத்தியார் வூட்டம்மா வெளிய அழுதுகினு கீது, இன்னா சொல்லட்டும்?" என்று கேட்டாள்.

"நாப்பத்திரெண்டுல இருக்கார், அருமையா இருக்கார்னு சொல்லு."

சரசு போகிற வழியில் அருமையைத் தொலைத்துவிட்டு எண்ணை மட்டும் கொண்டுபோய்ச் சேர்த்தாள். "வாத்தியார் மூளை நாப்பத்திரெண்டுல கீதும்மா."

"எவ்வளவுக்கு?" என்றாள் மனைவி பாலாம்பாள்.

"நூத்துக்கு."

பாலாம்பாளுக்கு அழுகை நின்றுவிட்டது. நம் ஊரில் நூற்றுக்கு இத்தனை என்று சொல்லிவிட்டால் அது மார்க்தான். முப்பத்தைந்து பாஸ், அறுபது ஃபர்ஸ்ட் கிளாஸ். அதற்கு மேல் அதில் அர்த்தம் தேட எவனுக்கும் நேரமில்லை. சாயங்காலத்துக்குள் சானடோரியம் ஸ்டேஷன் டீக்கடை வரை சேதி போய்விட்டது. முப்பது வருஷம் ஊர்ப் பிள்ளைகளைக் கணக்கில் பெயிலாக்கிய மனுஷனின் மூளை ஏழே மார்க்கில் தப்பித்திருக்கிறது என்று அவருடைய பழைய மாணவர்கள் ஆளுக்கு ரெண்டு டீ குடித்தார்கள்.

அதோடு போயிருந்தால் சரி. பத்தாவது நாள் குப்புராஜுக்குக் குடல்வால் ஆபரேஷன். ஏரிப்பக்கத்து நிலமெல்லாம் ஒரு காலத்தில் அவர் குடும்பத்தோடது, படிப்பு மட்டும் எட்டாம் வகுப்பில் ரெண்டு வருஷம் உட்கார்ந்து எழுந்தது. அவர் மூளை ஐம்பத்தொன்று வாங்கியது. தெருவுக்கே லட்டு. ஏகநாதன் வீட்டுக்கு மட்டும் அவரே தட்டோடு வந்தார்.

"எடுத்துக்க சார். கணக்கு இன்னா பெரிய கணக்கு? சரக்கு யார்கிட்ட கீதுன்னு மிஷின் சொல்லிச்சா இல்லியா?"

மறுநாள் காலையில் ஏகநாதன் நர்சிங் ஹோமில் வந்து நின்றார். இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை, நெற்றியில் பட்டைத் திருநீறு.

"டாக்டரம்மா, எனக்கு மறுகூட்டல் வேணும்."

"சார், அது மார்க்கே இல்ல. கம்மியா இருந்தாத்தான் நல்லது."

"கம்மியா வாங்கினா நல்லதுன்னு ஒரு பரீட்சை உலகத்துல உண்டாம்மா?"

வேதசிரோமணி யோசித்து, "சர்க்கரை டெஸ்ட் இருக்கே சார்" என்றாள்.

"அது வியாதி. இது மூளை."

அவர் கோபத்தில் பேசவில்லை. அவமானத்தில் பேசினார். அதனால்தான் அவளால் சிரிக்க முடியவில்லை. மறுகூட்டல் கிடையாது என்று தெரிந்ததும் வாத்தியார் அடுத்த வழிக்குப் போனார். ஆறு வருஷமாகத் தள்ளிப்போட்டிருந்த ஹெர்னியா ஒன்று அவரிடம் இருந்தது. உடம்பு தேறினதும் அதைச் செய்துவிடுங்கள், மறு பரீட்சையாகவே எழுதிவிடுகிறேன் என்று ஒற்றைக் காலில் நின்றார்.

"ஹெர்னியாவுக்கு முதுகுல ஊசி போட்டாப் போதும் சார்."

"முதுகுல போட்டா மிஷின் கிடையாதே? முழு மயக்கம்தான் வேணும். இந்தத் தடவை அறுபதைத் தாண்டிக் காட்டறேன்."

"அறுபதைத் தாண்டினா நீங்க முழிச்சிக்கிட்டீங்கன்னு அர்த்தம் சார்!"

"முழிச்சிருந்தாத்தானே எழுத முடியும்?"

வேதாசலத்துக்கு ஒரு ஹெர்னியா லாபம், மறு பேச்சில்லாமல் தேதி கொடுத்துவிட்டார். இரண்டு மாசம் வாத்தியார் மூன்று வேளையும் வல்லாரைக் கீரை தின்றார். பாலாம்பாள் அவருக்காகக் கீரை ஆய்ந்தே விரல் பச்சையானாள். ஆபரேஷன் அன்று, கிழக்கே தலைவைத்துப் படுப்பேன் என்று மேஜையைத் திருப்பச் சொன்னார். வேதாசலம் திருப்பினார். வெளியே பாலாம்பாளுக்குப் பக்கத்தில் குப்புராஜ் ரிசல்ட்டுக்குக் காத்திருந்தார்.

"ஒரு நம்பர் வெளிய போச்சு, உன்னைச் சும்மா விடமாட்டேன்" என்று வேதசிரோமணி சரசுவிடம் சொல்லிவைத்தாள்.

ஊசி ஏறும்போது வாத்தியார் வாய்பாடு சொல்ல ஆரம்பித்தார். "ஓர் பத்தொம்பது பத்தொம்பது, ஈர் பத்தொம்பது முப்பத்தெட்டு..." மூன்றாவது பத்தொன்பதில் வாய் கோணி நின்றது. எண் நாற்பத்து நாலுக்கு இறங்கியது. வேதசிரோமணி கண் கொட்டாமல் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். நாற்பத்து நாலு, நாற்பத்தாறு, நாற்பத்து மூன்று. வேதாசலம் அறுத்து உள்ளே போய்விட்டார். ஐம்பது. ஐம்பத்தைந்து. மனுஷன் நிஜமாகவே முயற்சி பண்ணுகிறாரோ என்று ஒரு நொடி பைத்தியக்காரத்தனமாகக்கூடத் தோன்றியது. அறுபத்தொன்று வந்தபோதுதான் தலையைத் திருப்பினாள். மயக்க மருந்துப் பாட்டில் காலி. எண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தவள் பாட்டிலைப் பார்க்கவில்லை.

"கையை எடுங்க டாக்டர்!"

வேதாசலம் கையை எடுத்தார். அவள் சிரிஞ்சைத் தேடி எடுத்து மருந்தை ஏற்றினாள். அது மூளைக்குப் போய்ச் சேர அரை நிமிஷம் ஆகும். அறுபத்து நாலு. பிளாஸ்திரி ஒட்டி மூடியிருந்த வாத்தியாரின் கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்து காதுக்குள் இறங்கியது. உடம்பில் வேறு எதுவும் அசையவில்லை. வேதசிரோமணி குனிந்து அந்தக் காதுக்குள் பேசினாள்.

"சார், ஃபர்ஸ்ட் கிளாஸ் வந்துட்டீங்க. போதும் சார். பேப்பரைக் குடுத்துட்டுத் தூங்குங்க. நான் இங்கேயேதான் இருக்கேன்."

ஐம்பத்தொன்பது. ஐம்பத்திரண்டு. நாற்பத்தைந்து. அதற்கப்புறம் தையல் போட்டு முடிக்கும்வரை அவள் நிமிரவில்லை.

மத்தியானம் ஏகநாதன் கண் விழித்தபோது அறையில் அவள் மட்டும் இருந்தாள். மழுப்பவில்லை.

"அறுபத்து நாலு சார். ஒரு நிமிஷம்தான். மருந்து தீர்ந்துபோனதை நான் பாக்கல. தப்பு என்னோடது. மன்னிச்சிடுங்க." சொல்லும்போதே அழுதுவிட்டாள்.

ஏகநாதன் மின்விசிறியைப் பார்த்தபடி இருந்தார். "நான் உள்ள இருந்தேம்மா. வாய்பாடு எதுவும் வரல. விரலை அசைக்கணும்னு பார்த்தேன், விரல் எங்க இருக்குன்னே தெரியல. கத்தி மட்டும் தெரிஞ்சுது. அப்புறம் நீங்க பேசினீங்க."

அவள் ஏதோ சொல்ல வாயெடுப்பதற்குள் கதவு திறந்தது. குப்புராஜ் முன்னால் வந்தார், பின்னால் பாலாம்பாள்.

"இன்னா சார், எவ்ளோ? சொல்லு. அடுத்த வாரம் எங்க வூட்டுக்காரி பொன்னியம்மாளுக்குக் கர்ப்பப்பை ஆபரேஷன். எண்பது வாங்கி உங்க ரெண்டு பேர் மூக்கையும் அறுக்கறேன்னு தினம் வல்லாரை துன்னுகினு கீறா."

ஏகநாதன் குப்புராஜின் முகத்தைப் பார்த்தார். பிறகு மெதுவாக, ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னார்.

"முப்பத்தாறு."

குப்புராஜ் சுவரில் கையை ஊன்றிக்கொண்டு சிரித்தார். "ஒரு மார்க்ல பாஸா!" என்று வராந்தாவுக்கு ஓடினார், அங்கே இருந்தவர்களுக்கெல்லாம் சொன்னார். பாலாம்பாள் தலையைக் குனிந்துகொண்டாள்.

"குப்புராஜ்!" என்று ஏகநாதன் படுத்தபடியே கூப்பிட்டார். தையல் இழுத்தது, முகம் சுளித்தது. "பொன்னியம்மாளைக் கீரையை நிறுத்தச் சொல்லு. நல்லாத் தூங்கினாப் போதும்னு சொல்லு."

வராந்தாவில் சிரிப்பு அடங்குவதாக இல்லை. சொன்னது கேட்டதோ என்னவோ. அவர் வேதசிரோமணியின் பக்கம் திரும்பினார்.

"நீங்க அந்தம்மாவுக்குப் பாட்டிலைப் பார்த்துக்கோங்க."