ஆக்டினோமைசின் என்ற சொல்லுக்கு இரண்டு அர்த்தம்

1

இந்தக் கதை எனக்குக் கிடைத்தது சென்னைக்குப் போகிற ரயிலில். திருவள்ளூர் தாண்டியதும், ஜன்னலோரம் உட்கார்ந்திருந்த புஷ்பலதா என் பக்கம் திரும்பி, "அண்ணி, ஆக்டினோமைசின்னா இன்னா அர்த்தம்?" என்று கேட்டாள்.

புஷ்பலதா என் தம்பி பூபாலனின் மனைவி. என் பெயர் நிர்மலா. திருத்தணியில் ஒரு பள்ளிக்கூடத்தில் தமிழ் டீச்சர்; அவ்வப்போது கதை எழுதுவேன். கதை எழுதுகிறவளுக்கு எல்லாச் சொல்லுக்கும் அர்த்தம் தெரியும் என்பது எங்கள் வீட்டாரின் நம்பிக்கை. எனக்குத் தெரியவில்லை. "பாத்து சொல்றேன்" என்றேன்.

நான் முதலில் எழுதிய தொடக்கம் இப்படி இருந்தது:

[ஆடிக் கிருத்திகைக்குக் காவடிகள் மலையேறிக்கொண்டிருந்த காலையில் புஷ்பலதாவுக்கு ரத்தப்போக்கு ஆரம்பித்தது. பம்பைச் சத்தத்தில் அவள் கூப்பிட்டது யார் காதிலும்—]

நிறுத்திவிட்டேன். அன்று கிருத்திகையும் இல்லை, காவடியும் இல்லை. சாதாரண வியாழக்கிழமை. அவள் இட்லிக்கு மாவு அரைத்துக்கொண்டிருந்தாள். திருத்தணியில் ஒன்று நடந்தால் அதற்குள் முருகனை இழுத்துவர வேண்டும் என்று சட்டமா இருக்கிறது?

2

நடந்ததை நடந்தபடியே சொல்கிறேன்.

கல்யாணமாகி இரண்டாம் வருஷம் புஷ்பலதாவுக்கு நாள் தள்ளிப்போனது. மூன்றாம் மாதம் ரத்தம் பட்டது. ஸ்கேன் எடுத்துவிட்டு வந்த நர்ஸ், "கொழந்த உருவாகலைங்க. இது முத்துப்பிள்ளை" என்றார். கருப்பையில் குழந்தைக்குப் பதிலாகத் திராட்சைக் கொத்து மாதிரி நீர்க்கொப்புளங்கள் வளர்வதற்கு ஆஸ்பத்திரிகளில் வழங்கும் பெயர் அது.

என் அம்மா பாஞ்சாலி என்னைத் தனியாக இழுத்துக் கேட்டாள்: "முத்துப்பிள்ளைன்னா புள்ளதானேடி? பேரு கூட நல்லா கீது."

(இந்த இடத்தில் நீங்கள் அம்மாவை நினைத்துப் பரிதாபப்படுவீர்கள் என்று கணக்குப் போட்டுத்தான் எழுதினேன். கணக்குத் தப்பு. அதற்கு ஏழாம் பகுதிவரை பொறுத்திருங்கள்.)

எல்லாவற்றையும் சுத்தம் செய்து எடுத்தார்கள். அதன் பிறகு வாராவாரம் ரத்தப் பரிசோதனை. கர்ப்பத்தில் சுரக்கிற ஹார்மோன் ரத்தத்தில் இறங்கிக்கொண்டே வர வேண்டும். இறங்கியது. பிறகு நின்றது. பிறகு ஏறியது. சென்னைக்கு அனுப்பினார்கள்.

அங்கே இருந்த டாக்டரம்மா நிதானமாகப் பேசினார். "இது ஒரு வகைப் புற்றுநோய்தான். உள்ளே மிச்சம் இருந்தது பெருகுது. ஆனா புற்றுநோயிலேயே நல்லா குணமாகிற வகை. நாங்க கூப்பிடறப்போ எல்லாம் தவறாம வந்துட்டீங்கன்னா கவலையே இல்ல." போடப்போகிற மருந்தின் பெயரையும் சொன்னார். அந்தப் பெயரைத்தான் புஷ்பலதா அடுத்த முறை ரயிலில் என்னிடம் கேட்டாள்.

3

தேடிப் பார்த்தேன். கிரேக்கச் சொல். முதல் பாதிக்குக் கதிர் என்று பொருள், அடுத்த பாதிக்குப் பூஞ்சை. சூரியனிலிருந்து கிளம்பும் கதிர்கள் மாதிரி கிளை விட்டு மண்ணில் வாழும் ஒரு நுண்ணுயிர். அது சுரக்கும் சிவப்புப் பொருள் இது. கண்டுபிடித்தவர்கள் தேடியது கிருமியைக் கொல்ல ஒரு மருந்தை. இது கிருமியைக் கொன்றது. கூடவே, சோதனைக்கு ஊசி போட்ட பிராணிகளையும் கொன்றது. காய்ச்சலுக்கும் சீழுக்கும் ஆகாது என்று ஒதுக்கி வைத்தார்கள். பல வருஷம் கழித்து யாரோ யோசித்தார்கள்: வேகமாகப் பெருகும் எதையும் இது தடுக்கிறது என்றால், வேகமாகப் பெருகும் புற்றின் மேல் ஏவினால் என்ன?

அகராதியில் பொருள் இன்னும் பழையபடிதான் இருக்கிறது: நச்சுத்தன்மையுள்ள ஓர் ஆன்டிபயாடிக். ஆஸ்பத்திரியில் அதற்கு வேறு பொருள். இரண்டில் எதுவும் பொய்யில்லை.

இதை வீட்டில் வைத்துப் புஷ்பலதாவிடமும் பூபாலனிடமும் சொன்னேன். அவள் "மண்ணுலேர்ந்தா எடுக்கறாங்க?" என்றாள். பூபாலன், "அப்போ ஆன்டிபயாடிக்னு சொன்னா பொய் இல்லியேக்கா?" என்று கேட்டான்.

"பொய் இல்ல. ஆனா..."

"பொய் இல்ல இல்ல? போதும்."

4

பூபாலனை எப்படி எழுதுவது என்பதில் எனக்குச் சந்தேகம் இருந்தது. சித்தூர் ரோட்டில் கிரில் கேட் செய்யும் பட்டறை வைத்திருக்கிறான். வெல்டிங் வெளிச்சத்தில் கண் எப்போதும் சிவந்திருக்கும். கெட்டவனாக எழுதிவிட்டால் கதை சுலபமாக நகரும். ஒரு வரைவில் அப்படி எழுதியும் பார்த்தேன்:

[பூபாலனுக்கு மனைவியின் உடம்பைவிட ஊர் வாய்தான் பெரிதாக—]

அடித்துவிட்டேன். அவனுக்குப் பெரிதாக இருந்தது எங்கள் அப்பா, நைனா என்போம், செத்த விதம். நைனாவுக்கு வாயில் புற்று. தெரிந்த நாளிலிருந்து உறவுக்காரர்கள் எங்கள் வீட்டில் தண்ணீர் குடிப்பதை நிறுத்தினார்கள். வாசலில் நின்று விசாரித்துவிட்டு அப்படியே போனார்கள். பூபாலனுக்கு அப்போது மீசை கூட முளைக்கவில்லை. அம்மா அதற்குப் பிறகு அந்த நோயின் பெயரை வாயால் சொன்னதே இல்லை. டிவியில் விளம்பரம் வந்தால்கூட எழுந்து உள்ளே போய்விடுவாள்.

அதனால் அம்மாவிடம் அவன் சொன்னான்: "உள்ள இன்ஃபெக்‌ஷன்மா. ஆன்டிபயாடிக் ஊசி போடறாங்க." புஷ்பலதாவின் அம்மா மணியம்மை பள்ளிப்பட்டில் இருக்கிறாள். அவளுக்கும் போனில் இதையேதான் சொன்னான்.

"நீ இன்னா சொல்ற?" என்று புஷ்பலதாவைக் கேட்டேன்.

"அந்தப் பேரு வேணாம் அண்ணி. சொன்னா எங்கம்மா ஊரக் கூட்டிடும். இன்ஃபெக்‌ஷன்னே இருக்கட்டும்."

மூன்று பேரும் ஒத்துக்கொண்டோம்.

5

ஒரு வாரம் விட்டு ஒரு வாரம் ஊசி. நரம்பில் ஏற்றும்போது ஒரு முறை மருந்து கொஞ்சம் வெளியே கசிந்து, அவள் புறங்கை வெந்தது போலக் கறுத்துப்போனது. வாயெல்லாம் புண். சோற்றைப் பார்த்தாலே குமட்டல். சீப்பில் கொத்தாக முடி. அம்மா ரசம் சோற்றைக் குழைத்து ஊட்டிக்கொண்டே கேட்பாள்: "ஆன்டிபயாடிக்குக்கா இப்டி கொட்டுது?"

"பவர் ஜாஸ்தி அத்த" என்பாள் புஷ்பலதா.

ஹார்மோன் இறங்கியது. ஒரு நாள் டாக்டரம்மா சிரித்தார். "நார்மல். இனிமே மாசா மாசம் ரத்தம் மட்டும் குடுத்துட்டுப் போங்க. ஆனா ஒரு வருஷத்துக்குக் கர்ப்பம் கூடாது. கர்ப்பத்துலயும் இதே ஹார்மோன்தான் ஏறும். ஏறினா அது குழந்தையா, நோய் திரும்பி வருதான்னு எங்களுக்கே தெரியாமப் போயிடும்." கர்ப்பத்தைத் தடுக்க மாத்திரை எழுதிக் கொடுத்தார்.

வீட்டில் அம்மா கேட்டாள்: "இன்ஃபெக்‌ஷன் போயிடிச்சி இல்ல? அப்பறம் எதுக்குத் தள்ளிப்போட்டுகினு கீறீங்க?"

ஆன்டிபயாடிக் போட்டுச் சரியான இன்ஃபெக்‌ஷனுக்காக எந்தக் குடும்பம் ஒரு வருஷம் காத்திருக்கும்? ஆடி போனது, ஆவணி போனது. அம்மா விடவில்லை.

[அம்மா அலமாரியைத் திறந்து மாத்திரை அட்டையை எடுத்துச் சாக்கடையில்—]

இப்படி ஒரு காட்சி எழுதினேன். விறுவிறுப்பாகவே வந்தது. ஆனால் அம்மா எந்த அட்டையையும் தொடவில்லை. மாத்திரையை நிறுத்தியது புஷ்பலதா. மலைக் கோயிலுக்கு ஆட்டோவில் போய்விட்டுத் திரும்பும்போது அவளே சொன்னாள்.

"நானேதான் நிறுத்தினேன் அண்ணி. ரத்தம் குடுக்கவும் ரெண்டு மாசமா போவல. அவருகிட்ட லேப்புக்குப் போயிட்டு வந்தேன்னு சொல்லிட்டேன்."

"பைத்தியமா உனக்கு? டாக்டர் இன்னா சொன்னாங்க?"

"தெரியும். ஆனா இன்ஃபெக்‌ஷன், இன்ஃபெக்‌ஷன்னு தெனம் பத்துப் பேருக்குச் சொல்லிச் சொல்லி எனக்கே அது அப்டித்தான் ஆயிடிச்சி. காத்தால எழுந்தா, நம்பளுக்கு வந்தது சாதாரண இன்ஃபெக்‌ஷன்தானேன்னு தோணுது. நெசமா தோணுது அண்ணி." பிறகு சொன்னாள்: "எனக்கும் ஒரு கொழந்த வேணும்னு இருந்திச்சி."

மறுநாளே சென்னைக்குப் போகலாம் என்றேன். "நாள் தள்ளிப் போயிருக்கு அண்ணி. ஒரு வாரம் பாத்துட்டுப் போவலாம்" என்றாள்.

6

மருந்துக்கடையில் வாங்கிய கர்ப்பம் பார்க்கும் அட்டையில் இரண்டு கோடு விழுந்தது. பூபாலன் முதலில் பயந்தான். அப்புறம் பட்டறைப் பையன்களுக்குப் பிரியாணி வாங்கிக் கொடுத்தான். அம்மா படியேறியே மலைக்குப் போனாள். முட்டி வலிக்காரி, ஏழு இடத்தில் உட்கார்ந்து ஏறினாளாம். வீடு அப்படி இருந்ததை நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

புஷ்பலதா இருமிக்கொண்டிருந்தாள். பனிக்காலம் என்று விட்டுவிட்டோம்.

ஸ்கேன் அறைக்குள் நானும் போனேன். டாக்டர் குழாயை வயிற்றில் அங்கும் இங்கும் நகர்த்தினார். திரையில் கருப்பை தெரிந்தது. அதில் எதுவும் இல்லை. குழந்தையும் இல்லை, முத்துப்பிள்ளையும் இல்லை. "எத்தனை நாளா இருமல்?" என்று மட்டும் கேட்டார்.

அட்டையில் அந்த இரண்டாவது கோட்டைப் போட்டது அதே ஹார்மோனைச் சுரந்த நோய். நுரையீரலில் இருந்தது. தலைக்கும் போயிருந்தது. சென்னையில் நாலைந்து மருந்துகளைச் சேர்த்து ஆரம்பித்தார்கள். அதில் ஆக்டினோமைசினும் ஒன்று. டாக்டரம்மா யாரையும் திட்டவில்லை. "மாசா மாசம் வந்திருந்தா..." என்று தொடங்கி, பூபாலன் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

இரண்டாவது முறை மருந்து ஏற்றிய மறுநாள், தலை வலிக்கிறது என்று சொல்லிக் கண்ணை மூடிக்கொண்டாள். மூளையில் ரத்தக்கசிவு. அப்புறம் திறக்கவில்லை.

7

துக்கம் விசாரிக்க வந்த ஒவ்வொருவரிடமும் அம்மா சொன்னாள்: "இன்ஃபெக்‌ஷன்தாம்மா. ஆன்டிபயாடிக் கேக்கல." மணியம்மையின் கையைப் பிடித்துக்கொண்டும் அதையே சொன்னாள். நாங்கள் திருத்தவில்லை.

காரியம் முடிந்து ஒரு மாதம் கழித்து இந்தக் கதையை எழுதத் தொடங்கினேன். ஆறாம் பகுதி வரைக்கும் வந்திருந்தபோது அம்மா பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"அவளப் பத்தியா எழுதற?"

"ஆங்."

"என்னப் பத்தி இன்னா எழுதின?"

"உனக்கு ஒண்ணும் தெரியாதுன்னு."

அம்மா தன் கையை விரித்துப் பார்த்தாள். "உங்க நைனாவுக்கும் இதே மாதிரிதான் முடி கொட்டிச்சி. இதே வாய்ப்புண்ணு. நான்தானே தொடைச்சேன்? எனக்குத் தெரியாதா?"

"தெரிஞ்சும் ஏம்மா கேட்ட? புள்ள, புள்ளன்னு?"

"ஒரு புள்ள பொறந்துட்டா அது இல்லன்னு ஆயிடும்னு நெனச்சேன். அது இருக்கற வயித்துல புள்ள தங்குமா? தங்கிட்டா அது இல்லன்னுதானே அர்த்தம்?" முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். "நீங்க மூணு பேரும் இன்ஃபெக்‌ஷன், இன்ஃபெக்‌ஷன்னு சொல்லச் சொல்ல எவ்ளோ நிம்மதியா இருந்திச்சி தெரியுமா?"

இரண்டாம் பகுதியிலிருந்து அம்மாவை நான் எழுதிய விதம் முழுக்கத் தவறு. ஆனாலும் அதைத் திருத்தாமல் அப்படியே விட்டிருக்கிறேன். நாங்களும் அவளை அப்படித்தான் பார்த்துக்கொண்டிருந்தோம்.

8

முடிவுக்கு என்னிடம் சில வரைவுகள் இருந்தன. ஒன்றில் புஷ்பலதா மாதம் தவறாமல் ரத்தம் கொடுத்துப் பிழைக்கிறாள். அதை எழுதி முடிக்க முடியவில்லை, கை ஓடவில்லை. இன்னொன்றில் பூபாலன் பட்டறையை மூடிவிட்டு ஊரைவிட்டுப் போகிறான். உண்மையில் அவன் தினமும் பட்டறைக்குப் போகிறான், சாப்பிடுகிறான், யாரிடமும் பேசுவதில்லை. மூன்றாவது வரைவு—

மூன்றாவது, போன ஞாயிற்றுக்கிழமை நடந்தது.

அம்மா காலையிலேயே புடவை மாற்றிக்கொண்டு வந்தாள். "பள்ளிப்பட்டு போவலாம் வா. பெத்தவகிட்ட நெசத்தச் சொல்லணும். என் வாயால பொய் சொல்லி அனுப்பிட்டேன்."

பஸ் முழுக்க நான் யோசித்தது இதுதான். உண்மையைச் சொன்னால் முழுசாகச் சொல்ல வேண்டும். இது குணமாகிற நோய், அவள் செத்திருக்க வேண்டியதில்லை என்பதும் அதில் அடக்கம். இன்ஃபெக்‌ஷன் என்று நினைத்திருக்கிறவரை மணியம்மைக்கு அது விதி. நொந்துகொள்ள சாமி இருக்கிறது. உண்மை தெரிந்துவிட்டால், அவள் ஆயுசு முழுக்க மாத்திரையையும் ரத்தப் பரிசோதனையையும் எண்ணிக்கொண்டிருப்பாள்.

வீட்டு வாசலில் மணியம்மை கேழ்வரகு புடைத்துக்கொண்டிருந்தாள். எங்களைப் பார்த்ததும் முறத்தை வைத்துவிட்டு எழுந்தாள். உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்தாள். தண்ணீர் கொடுத்தாள். அம்மா சொம்பை வாங்கிக் குடித்தாள், பேச வாயெடுத்தாள். அழ ஆரம்பித்துவிட்டாள்.

"அழாதீங்க சம்பந்தி" என்றாள் மணியம்மை. பிறகு என் பக்கம் திரும்பினாள். "நீ படிச்ச பொண்ணு. நீயாச்சும் எனக்குப் புரியற மாதிரி சொல்லும்மா. ஊருல யாருக்குன்னா இன்ஃபெக்‌ஷன் வருது, ஊசி போடறாங்க, சரியாப் போவுது. எம்பொண்ணுக்கு மட்டும் ஏன் கேக்கல? அது இன்னா ஊசி?"

நான் பதில் சொன்னேன். என்ன சொன்னேன் என்பதை இங்கே எழுதப் போவதில்லை. கதாசிரியரின் சாமர்த்தியம் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். எழுதிப் பார்த்தேன், இரண்டு விதமாகவும். இரண்டையும் என்னால் படிக்க முடியவில்லை.

மணியம்மை எதிரே உட்கார்ந்து உங்கள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறாள். அந்தச் சொல்லின் இரண்டு அர்த்தமும் இப்போது உங்களுக்கும் தெரியும்.