ஒரு செருமல்

பட்டாளத்தில் சேர்ந்து சாமிதுரை சம்பாதித்தது சட்டைக் கையில் இரண்டு பட்டை. அந்தப் பட்டையின் தயவில், கங்கைகொண்ட சோழபுரத்துப் பக்கம் அவன் அப்பன் பாட்டனெல்லாம் கும்பிட்டு நின்ற பண்ணை வீட்டுப் பிள்ளை தர்மராஜ், பர்மாக் காட்டில் அவன் சொல் கேட்டு நடக்கும் வெறும் சிப்பாய். காலக் கூத்தைப் பாருங்கள்!

ஊரில், வரப்பில் எதிரே வரும் ஆண்டை ஒரு செருமல் செருமுவார். அவ்வளவுதான். சாமிதுரையின் சனங்கள் சேற்றில் இறங்கி நின்றுவிட வேண்டும். தலைச்சுமையோடு பிள்ளைத்தாச்சி வந்தாலும் அதே கதிதான்.

"சண்டை முடியட்டும் ஆண்டாயி, பூட்ஸ் போட்டுக்கிட்டு வரப்பு நடுவுல நடந்து வரேன் பாரு. எவன் வந்தாலும் எறங்க மாட்டேன்" என்று பெண்டாட்டியிடம் சொல்லிவிட்டுத்தான் அரியலூரில் ரயிலேறினான்.

அன்று ரோந்து கிளம்பும்போதே கறாராகச் சொன்னான். "ஒத்தையடித் தடத்த வுட்டு யாரும் எறங்கக் கூடாது. ரெண்டு பக்கமும் ஜப்பான்காரன் கண்ணிவெடி பொதச்சிருக்கான்."

'சரிங்க' என்று சொல்லத் தர்மராஜுக்கு வாய் வரவில்லை. தலையை மட்டும் ஆட்டிவிட்டு, முன்னால் வேவு பார்க்கப் போனான். பகலிலேயே இருண்டு கிடந்த மூங்கில் காட்டில் மற்றவர்களோடு சாமிதுரை மெல்ல நடந்தான்.

வேவு பார்த்துத் திரும்பி வந்த தர்மராஜ், எதிரியென்று நினைத்துத் தன்னையே சுட்டுவிடப் போகிறார்களே என்று, வளைவுக்கு அந்தப் பக்கமிருந்தே ஒரு செருமல் செருமினான்.

அச்சு அசல் அவன் அப்பன் செருமல். தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும் என்று சும்மாவா சொன்னார்கள்? பட்டையாவது, துப்பாக்கியாவது! சாமிதுரையின் வலது கால் அவனைக் கேட்கவே இல்லை. தடத்தை விட்டு ஓரத்தில் இறங்கியது.

வெடித்தது.

புகை அடங்கியபோது முழங்காலுக்குக் கீழே ஒன்றுமில்லை. தர்மராஜ் ஓடிவந்து, தன் சட்டையைக் கிழித்துக் கட்டுப் போட்டான். அந்தக் குடும்பத்துக் கை சாமிதுரையைத் தொட்டது அதுதான் முதல் தடவை. பாவி, நிஜமாகவே அழுதான்.

"ஏன் எறங்குன? நீதானே எறங்கக் கூடாதுன்னு சொன்ன? நான் எறங்கச் சொல்லலியே!"

சாமிதுரைக்கு வலியைவிட ஆத்திரம்தான் பொங்கியது. தர்மராஜ் மேல் பாதி, போன கால் மேல் பாதி. நறுக்கென்று நாலு வார்த்தை திட்டத்தான் வாயைத் திறந்தான்.

"நீங்க என்னிக்கு வாயத் தொறந்து சொல்லியிருக்கீங்க, ஆண்டே?" என்றுதான் வந்தது.